நோரா வேண்டாம் என்றாள்

வேண்டாம் என்று சாந்தாமணி சொன்னாள். அந்த மனிதர் காபியைத் திரும்ப உள்ளே எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

அவளுக்கு முதலில் புரியவில்லை. சர்க்கரை போடப் போயிருப்பார் என்று நினைத்துச் சமையலறைப் பக்கமே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கோப்பையைக் கவிழ்த்துக் கழுவும் சத்தம் கேட்டது. பிறகு அவர் வெறுங்கையோடு வந்து எதிர் நாற்காலியில் உட்கார்ந்தார். நல்ல காபி. அந்த வாசனை அறை முழுக்க நின்றது. காலையில் மகள் கயலை ஸ்கூல் பஸ்ஸில் ஏற்றிவிட்டு, துணி மடித்து, ஒரு வாய் காபிகூடக் குடிக்காமல் வந்திருந்தாள். அவளுடைய கோபிசெட்டிபாளையத்தில் வேண்டாம் என்பது பேச்சின் தொடக்கம்தான். விருந்தாளி வேண்டாம் என்பார், வீட்டுக்காரர் விடமாட்டார், இன்னொரு முறை வேண்டாம் என்பார், அதற்குள் டம்ளர் கையில் இருக்கும். இங்கே முதல் வாக்கியத்திலேயே கதை முடிந்துபோயிருந்தது.

அவள் அங்கே போனது கல்யாண வீடியோவுக்காக. இந்தியாவில் எடுத்த டேப் அமெரிக்க வி.சி.ஆரில் ஓடாது என்பது அந்த நாட்களில் விமானம் ஏறும்வரை யாருக்கும் தெரியாது. ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் அந்தத் தெருவிலிருந்த அத்தனை தமிழ் வீட்டிலும் புடவைகளுக்கு நடுவே சுற்றி, கைப்பையில் வைத்து, பத்திரமாகக் கொண்டுவந்த கல்யாண டேப் ஒன்று இருந்தது. எல்லாருமே முதல் சனிக்கிழமை அதை மெஷினில் போட்டார்கள். எல்லாருக்குமே கோடுகள்தான் ஓடின. சாந்தாமணியின் டேப் ஆறு வருடமாக அலமாரியில் கிடந்தது. மாற்றித் தரும் கடை பக்கத்து ஊரான எடிசனில் இருந்தது. இரண்டு வாரம் டேப்பை விட்டுவிட்டுப் போகச் சொன்னார்கள். அவளுக்கு மனம் வரவில்லை.

பக்கத்து வீட்டு டச்சுக்காரப் பெண் இனேகேதான் ஒருநாள் தபால் பெட்டியருகே சொன்னாள், தன் அப்பாவிடம் எல்லா நாட்டு டேப்பும் ஓடும் மெஷின் இருக்கிறது என்று. அவளுடைய ஊர் டேப்புகளும் இங்கே ஓடாதாம். அப்பா பெயர் ஆரென்ட். வயது எழுபத்து நான்கு. மூன்று வருடத்துக்கு முன்னால் மகளோடு இருக்க வந்தவர். ஒரு காலத்தில் ஹாலந்தில் சினிமா டைரக்டராக இருந்தவர், சிரிப்புப் படங்கள் எடுத்தவர். இதைச் சொன்னபோது இனேகே சிரிக்கவில்லை.

டேப் ஓடியது. ஒன்பது வருடத்துக்கு முந்தைய மண்டபம், ரோஜாப்பூ வடிவத்துக்குள் அவள் முகம், தலையைக் குனிந்துகொண்டு வேர்த்து ஊற்றும் மாப்பிள்ளை நஞ்சுண்டன். சாந்தாமணி நாற்காலியின் நுனிக்கு வந்துவிட்டாள். ஆனால் எதிரே இருந்த கிழவர் டி.வி.யைப் பார்க்கவேயில்லை. அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். அவளுக்குச் சங்கடமாகி முந்தானையை இழுத்து விட்டுக்கொண்டாள். பந்தி வந்தது. வீடியோக்காரர் லைட்டை முகத்துக்கு நேராகப் பிடிக்க, வாய் நிறையச் சோற்றோடு சொந்தக்காரர்கள் ஒவ்வொருவராக விழித்தார்கள். நஞ்சுண்டனின் மாமா இலையை இரண்டு கையாலும் மூடிக்கொண்டு வேண்டாம் வேண்டாம் என்று தலையாட்ட, அவளுடைய பெரியப்பா விரல் இடுக்கு வழியாகவே பாயசத்தை ஊற்றினார். சாந்தாமணி தன்னையறியாமல் சிரித்துவிட்டாள்.

ஆரென்ட் சட்டென்று டேப்பை நிறுத்திப் பின்னால் ஓட்டினார்.

"இதற்குத்தானே சிரித்தாய்? அவர் வேண்டாம் என்கிறார். இவர் ஏன் ஊற்றுகிறார்?"

அவர் பேசியது கட்டைக் குரல் ஆங்கிலம். சாந்தாமணியின் நினைவில் அது எப்போதும் தமிழாகத்தான் தங்கியது.

"அது சும்மா சொல்றது அங்கிள். மரியாதைக்கு. உண்மையிலேயே வேண்டாம்னா எழுந்திருச்சுப் போயிருவாங்க. நாம திரும்பக் கேட்கணும். கேட்கலைன்னாதான் தப்பு."

அவர் அந்த இடத்தை மூன்று முறை ஓட்டிப் பார்த்தார். பெரியப்பா மூன்று முறை ஊற்றினார், மாமா மூன்று முறை தோற்றார். பிறகு கிழவர் எழுந்து உள்ளே போனார். கொஞ்ச நேரம் கழித்து ஒரு கோப்பை காபியோடு வந்து அவள் முன்னால் நின்றார். முகம் வெளுத்திருந்தது.

"நீ முன்பு வேண்டாம் என்றாய்."

"ஆமாங்க அங்கிள்."

"எத்தனை முறை கேட்க வேண்டும்?"

"ரெண்டு. மூணு கேட்டா ரொம்ப நல்லது."

அவர் மூன்று முறை கேட்டார். அவள் வாங்கிக்கொண்டாள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவரை வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டாள். கணக்கு நேர் செய்வதுபோல. அவர் போதும் போதும் என்று சொல்லிக்கொண்டேயிருந்தார், அவள் வைத்துக்கொண்டேயிருந்தாள். அவர் சொன்னது நிஜமான போதும் என்பது ஒன்பதாவது இட்லியில்தான் நஞ்சுண்டனுக்கு உறைத்தது.

"ஏ சாந்தா, உட்டுரு. இன்சூரன்ஸ்ல கவர் ஆகாது."

"நீங்க சும்மா இருங்க. கூச்சப்படறாரு மனுசன்."

"கூச்சமா? கண்ணு தண்ணி வருது பாரு."

கயல் கிழவரின் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். "அம்மா, ஹீ ஸெட் நோ லைக் ஃபைவ் டைம்ஸ்," என்றாள்.

அன்றிலிருந்து அவர்களுக்குள் ஒரு பழக்கம் வந்துவிட்டது. பிள்ளை பள்ளிக்கும் கணவன் வேலைக்கும் போன பிறகு, காலை பத்து மணிக்கு சாந்தாமணி பக்கத்து வீட்டுக்குப் போவாள். அவளுக்கு வேலை செய்ய அனுமதி இல்லாத விசா. கிரீன் கார்டு எந்த மேஜையில் கிடக்கிறது என்று வக்கீலுக்கே தெரியாது. ஊரில் கணக்கு டீச்சராக இருந்தவள் ஆறு வருடமாக மடித்த துணியையே மடித்துக்கொண்டிருந்தாள். கிழவருக்கும் பகல் நீளமாகத்தான் இருந்தது. அவள் ஊறுகாய் பாட்டிலோ முறுக்கோ கொண்டுபோவாள். அவர் மூன்று முறை கேட்டுவிட்டுக் காபி தருவார். பிறகு தன் கதையைச் சொல்வார். ஒரே நாளில் அல்ல, ஒழுங்காகவும் அல்ல. மழை பெய்த நாளில் சிறு வயது, வெயிலடித்த நாளில் வெற்றி.

அப்பா முடிதிருத்துபவர். ஆற்றங்கரையில் ஒரு சின்ன ஊர். சிறுவன் ஆரென்ட் கடையின் மூலையில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து கண்ணாடியில் தெரியும் முகங்களைப் பார்ப்பான். அப்பா கதை சொல்வார். கழுத்துவரை துணி கட்டிய ஆட்கள் சிரிக்கக்கூடாது, கத்தி பட்டுவிடும். சிரிப்பை அடக்கும் முகங்கள்தான் உலகத்திலேயே வேடிக்கையானவை என்று அங்கே தெரிந்துகொண்டானாம். யுத்தம் முடிந்ததும் செய்திப் படக்காரர்களுக்கு விளக்குத் தூக்கப் போனார். சோப்புக்கும் சாக்லேட் பொடிக்கும் விளம்பரம் எடுத்தார். முப்பத்தொன்பது வயதில் முதல் படம். தூக்குப் பாலத்தைக் காக்கும் ஒரு மனிதன், பாலத்தின் அந்தப் பக்கம் இருப்பவளைக் காதலித்து, அவள் வரும்போதெல்லாம் பாலத்தைத் தூக்கிவிடுகிற கதை. தேசத்தில் பாதிப் பேர் பார்த்தார்களாம். ரயிலில் முன்பின் தெரியாதவர்கள் அந்தப் பட வசனத்தைப் பேசிக்கொண்டு போவதைக் கேட்டிருக்கிறார். இரண்டாவதும் மூன்றாவதும் ஓடின.

"சினிமா முதல் நாள் நான் படம் பார்க்க மாட்டேன்," என்றார் ஒருமுறை. "திரைக்குக் கீழே ஒரு ஸ்டூல் போட்டு, ஜனங்களைப் பார்த்து உட்காருவேன். கையில் நோட்டு, பென்சில். சின்னச் சிரிப்புக்குச் சின்னக் கோடு, பெரிய சிரிப்புக்குப் பெரிய கோடு. கோடு விழாத இடத்தை வீட்டுக்குப் போய் வெட்டி எறிவேன்."

"படத்தை எப்பத்தான் பாப்பீங்க?"

"பார்த்ததில்லை. முகங்களைத்தான் பார்த்திருக்கிறேன்."

நோட்டுகளைக் காட்டினார். நான்கு. பழுப்பேறிய தாள்களில் நிமிடமும் விநாடியும் எழுதி எதிரே கோடுகள். மூன்று நோட்டுகளில் கோடுகள் வயலில் நட்ட நாற்றுபோல நெருக்கமாக நின்றன. நான்காவது நோட்டில் பதினாறாம் பக்கத்திலிருந்து மூன்று பக்கம் நேரம் மட்டுமே எழுதியிருந்தது. கோடுகளே இல்லை. அதற்கப்புறம் ஏழெட்டுச் சின்னக் கோடு. அப்புறம் வெறும் தாள்.

அவர் அதை மூடிவிட்டார். அவள் கேட்கவில்லை. மறுநாளும் கேட்கவில்லை. மூன்றாம் நாள் கேட்காமலேயே அவர் சொன்னார்.

மனைவி பெயர் நோரா. ஜாவாவில் பிறந்து வளர்ந்தவள். அப்பா டச்சு ரத்தம், அம்மா அந்த ஊர். இந்தோனேசியா சுதந்திரமடைந்த பிறகு அந்த மாதிரிக் குடும்பங்கள் கப்பலேறி, தாங்கள் பார்த்தேயிராத சொந்த நாட்டுக்கு வந்தார்கள். குளிரில் கம்பளிக் கோட்டோடு நாடகக் குழுவில் வேஷம் கட்டிக்கொண்டிருந்தவளை ஆரென்ட் பார்த்தார். அவருடைய மூன்று படங்களிலும் அவள் ஓரமாக வந்துபோவாள், ரொட்டி விற்பவளாக, பக்கத்து வீட்டுக்காரியாக. பெரிய பாத்திரம் அவர் கொடுக்கவில்லை. அவளும் கேட்கவில்லை.

"நான்காவது படத்துக்கு மட்டும் கேட்டாள். என் வாழ்க்கையிலேயே ரொம்பச் சிரிப்பான விஷயம் ஒன்று இருக்கிறது, அதை நான் நடிக்கிறேன் என்றாள். என்ன தெரியுமா? முதல் முறை என் அம்மா வீட்டுக்கு வந்த ஞாயிற்றுக்கிழமை. அம்மா உருளைக்கிழங்குப் பாத்திரத்தை நீட்டினாள். நோரா வேண்டாம் என்றாள். அம்மா சரி என்று அடுத்தவருக்குக் கொடுத்துவிட்டாள். இறைச்சிக்கும் அதேதான். இரண்டு நாள் எங்கள் வீட்டில் அவள் பட்டினி. அம்மா என்னிடம் சொன்னாள், நல்ல பெண், கொஞ்சமாகச் சாப்பிடுகிறாள் என்று."

சாந்தாமணி உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

அவர் எழுந்து டேப்பைப் போட்டார். நான்காவது படம்; எப்போதோ ஒருமுறை அந்த நாட்டு டெலிவிஷனில் போட்டபோது இனேகே பதிவு செய்து வைத்தது. பொங்கிய சோபாக்களும் பூப்போட்ட சுவர்த்தாளுமாக ஒரு வீடு. மேஜை நடுவில் ஆவி பறக்கும் பாத்திரம். கறுத்த கூந்தலைப் பின்னிக் கட்டிய ஒரு பெண், கைகளை மடியில் கோத்துக்கொண்டு. மாமியார் பாத்திரத்தை நீட்டுகிறாள். அந்தப் பெண் லேசாகச் சிரித்து வேண்டாம் என்கிறாள். பாத்திரம் போகிறது. அவள் தலை அசையவில்லை, கண் மட்டும் பாத்திரத்தின் பின்னாலேயே போகிறது.

சாந்தாமணிக்கு வயிறு குலுங்கியது. வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள், கண்ணில் நீர் வரும்வரை.

திரும்பியபோது கிழவர் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"தியேட்டரில் எண்ணூறு பேர்," என்றார் மெதுவாக. "ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. அவர்களுக்கு அதில் என்ன இருக்கிறது? உன் கல்யாண டேப்பைப் பார்க்கும்வரை எனக்கே முழுதாகப் புரியவில்லை. வேண்டாம் என்றாள், எடுத்துக்கொண்டு போனார்கள். இருமல் சத்தம் கேட்டது. நாற்காலி கிரீச்சிட்டது. அந்த இரண்டரை நிமிடத்தில் செத்த படம் கடைசிவரை எழுந்திருக்கவில்லை. திரும்பி வரும்போது காரில் நான் நோராவிடம் சொன்னேன், உன் உருளைக்கிழங்கு என் படத்தைக் கொன்றுவிட்டது என்று."

"அவங்க என்ன சொன்னாங்க?"

"பக்கக் கண்ணாடி வழியாக வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். அந்த இடத்தை மட்டும் நான் வெட்டவில்லை. அதற்கப்புறம் அவள் நடிக்கவேயில்லை. எனக்கும் யாரும் படம் கொடுக்கவில்லை. அதற்குப் பிறகும் பதினெட்டு வருடம் சேர்ந்து வாழ்ந்தோம், நன்றாகவே வாழ்ந்தோம். அந்த வாக்கியத்தைப் பற்றி அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை. தொண்ணூற்று இரண்டில் போய்விட்டாள்."

"அது நிஜமாவே சிரிப்புத்தான் அங்கிள். அவங்க சொன்னது சரிதான்."

அவர் தலையை ஆட்டினார். "நீ நல்ல பெண். பசித்தாலும் வேண்டாம் என்று சொல்கிறவள். மரியாதைக்கு வேண்டாம் என்கிறவள் மரியாதைக்குச் சிரிக்கவும் செய்வாய். அதுவும் என் கதையைக் கேட்ட பிறகு."

அவளுக்குச் சுருக்கென்றது. ஆனால் அவர் சொன்னதில் பாதி உண்மை இருந்தது, அவள் அப்படிப்பட்டவள்தான்.

வீட்டுக்கு வந்து அடுப்பைப் பற்றவைத்தபோதும் அது போகவில்லை. சாயங்காலம் நஞ்சுண்டன் டையைக்கூடக் கழற்றாமல் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது சொன்னாள்.

"ஏனுங்க, வர ஞாயித்துக்கிழமை நம்ம பேஸ்மென்ட்ல எல்லாரையும் கூப்பிட்டு அந்தப் படத்தைப் போடலாமுங்களா?"

"டச்சுப் படமா? நம்ம ஆளுகளுக்கா? பந்தி சீன் வந்தாத்தான் நிமிர்ந்தே பாப்பாங்க."

"அதுல பந்திதானுங்க வருது."

நஞ்சுண்டன் சாப்பிடுவதை நிறுத்திவிட்டு முழுக் கதையையும் கேட்டான். கேட்டு முடித்து, கையைக் கழுவிக்கொண்டு வந்து, ரொம்ப நேரம் துண்டால் துடைத்தான். "அப்பிடின்னா ஒண்ணு பண்ணு. முன்கூட்டியே எல்லார்த்துக்கும் போன் பண்ணிச் சொல்லிரு. இந்த மாதிரி ஒரு சீன் வரும், அது அவரு சம்சாரம், கொஞ்சம் சத்தமா சிரிங்கன்னு. கிழவன் சந்தோசமாப் போவாரு. யாருக்கு நட்டம்?"

மறுநாள் ஆரென்டிடம் கேட்டபோது அவர் அலமாரியிலிருந்து நான்காவது நோட்டை எடுத்து மேஜையில் வைத்தார். பிறகு ஒப்புக்கொண்டார். ஆனால் மூன்று விஷயம் சொன்னார். அது என் மனைவி என்று சொல்லாதே. சிரிப்புப் படம் என்று சொல்லாதே. அந்த இடத்தை விளக்காதே. "ஒருவர் சிரிப்பது அன்பாக இருக்கலாம். ஒரு அறையே சிரித்தால்தான் அது சிரிப்பு. அவள் சொன்னது சரியா தப்பா என்று எனக்குத் தெரிய வேண்டும். தப்பு என்றாலும் பரவாயில்லை." பரவாயில்லை என்று சொன்னபோது அவர் கை நோட்டின் மேலே இருந்தது.

சனிக்கிழமை மத்தியானம் சாந்தாமணி போனை எடுத்தாள். கடைசி வீட்டுப் புஷ்பவல்லியைக் கூப்பிட்டாள். அவள் சிரித்தால் தெருவே சிரிக்கும். அப்படி ஒரு சிரிப்பு அவளுக்கு.

"புஷ்பா, நாளைக்கு அந்தப் படத்துல ஒரு சீன் வரும்…"

"என்ன சீன்? குழந்தைங்களைக் கூட்டிட்டு வரலாமில்ல? இந்த ஐரோப்பாக்காரங்க படம்னாலே எங்க வீட்டுக்காரர் இப்பவே ரெடியா உக்காந்திருக்கார்."

சாந்தாமணி போன் கம்பியை விரலில் சுற்றிக்கொண்டு நின்றாள். சொல்லிவிட்டால் நாளைக்கு அறை சிரிக்கும். கிழவர் கோடு போடுவார். வீட்டுக்குப் போய் நிம்மதியாகத் தூங்குவார். ஆனால் அந்தச் சிரிப்பு நோராவுக்குப் போய்ச் சேராது. அவளுக்கு மறுபடி ஒரு மரியாதைதான் கிடைக்கும்.

"அதெல்லாம் ஒண்ணும் கிடையாது," என்றாள். "தயிர்சாதம் கொண்டு வந்திருங்கன்னு சொல்லத்தான் கூப்பிட்டேன்."

போனை வைத்துவிட்டு, சுற்றிய கம்பியை விரலிலிருந்து அவிழ்த்தாள்.

ஞாயிற்றுக்கிழமை மூன்று மணிக்கு பேஸ்மென்ட் நிறைந்தது. பெரியவர்கள் மட்டும் பதினேழு பேர். கம்பளத்தில் ஜமக்காளம் விரித்து, மாடியிலிருந்து நாற்காலிகள் இறக்கியிருந்தார்கள். இனேகேயும் நஞ்சுண்டனும் அந்த மெஷினையும் பெரிய டி.வி.யையும் மேஜையில் ஏற்றினார்கள். முன்வரிசையில் ராஜலக்ஷ்மி ஆன்ட்டி. சென்னையில் முப்பது வருடம் பெண்கள் பள்ளித் தலைமையாசிரியையாக இருந்துவிட்டு மகனோடு இருக்க வந்தவர். அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லை. அவர் எதிரே புஷ்பவல்லிகூட அடக்கித்தான் பேசுவாள். ஆன்ட்டியை முன்வரிசையில் உட்கார வைத்ததற்காகச் சாந்தாமணி தன்னையே திட்டிக்கொண்டாள்.

ஆரென்ட் சலவை செய்த சட்டையும் கறுப்பு கோட்டும் போட்டு வந்திருந்தார். டி.வி.க்குக் கீழே, ஒரு பக்கமாக, கயலின் சின்ன ஸ்டூலை இழுத்துப் போட்டு ஜனங்களைப் பார்த்து உட்கார்ந்தார். மடியில் புதிய நோட்டு, கையில் சீவிய பென்சில்.

"இவர் ஏண்டி நம்மளைப் பார்த்துண்டு உக்காந்திருக்கார்? பரீட்சையா?" என்றார் ராஜலக்ஷ்மி ஆன்ட்டி.

"அவருக்கு அதுதான் பழக்கம் ஆன்ட்டி."

"நான் பாக்காத பரீட்சையா. சரி, ஆரம்பி."

முதல் நாற்பது நிமிடம் சாந்தாமணியின் வாழ்க்கையிலேயே நீளமான நாற்பது நிமிடம். யார் அப்பா, யார் பிள்ளை என்று மட்டும் ஆரம்பத்தில் சொல்லியிருந்தாள். திரையில் ஆட்கள் தடதடவென்று டச்சில் பேசினார்கள். ஒருவர் வசனம் பேசிவிட்டு நிறுத்தும் இடத்தில், ஒரு தேசமே சிரிக்கும் என்று நம்பி விட்ட இடைவெளி காலியாகப் போனது. பின்வரிசையில் ஆண்கள் கிரீன் கார்டுக்கு வேண்டிய லேபர் சர்ட்டிஃபிகேஷன் பற்றித் தணிந்த குரலில் ஆரம்பித்தார்கள். குழந்தைகள் ஒவ்வொன்றாக மாடிக்கு ஓடிவிட்டன. புஷ்பவல்லி கொட்டாவியை வளையல் கையால் மறைத்தாள். பென்சில் அசையவில்லை. கிழவரின் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. ஒவ்வொரு முகமாக, முடிதிருத்தும் கடைக் கண்ணாடியைப் பார்க்கும் பையனைப்போல, பொறுமையாகப் பார்த்துக்கொண்டேயிருந்தார். சொல்லியிருக்கலாம் என்று நினைத்தாள் சாந்தாமணி. நேற்று போனிலேயே சொல்லியிருக்கலாம்.

பூப்போட்ட சுவர்த்தாள் வந்தது. மேஜை வந்தது.

நோரா கைகளை மடியில் கோத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். மாமியார் பாத்திரத்தை நீட்டினாள். நோரா லேசாகச் சிரித்து வேண்டாம் என்றாள். பாத்திரம் போயிற்று.

அறையில் ஒரு சத்தமும் இல்லை. லேபர் சர்ட்டிஃபிகேஷன் நின்றிருந்தது.

இறைச்சி வந்தது. நோரா வேண்டாம் என்றாள், இந்த முறை சிரிப்பு சிறுத்து, குரல் தேய்ந்து, இன்னும் ஒரே ஒரு தடவை கேட்டால் போதும் என்கிற மாதிரி. இறைச்சியும் போயிற்று. கண் பின்னாலேயே போயிற்று. கேமரா அவளை விட்டு நகரவில்லை.

ராஜலக்ஷ்மி ஆன்ட்டி உச்சுக் கொட்டினார். நாற்காலியில் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தார். "ஏண்டி," என்றார் திரையைப் பார்த்து, வகுப்பில் பேசும் குரலில். "இன்னொரு தரம் கேளேண்டி. அந்தப் பொண்ணு மொகத்தைப் பார்க்கலையா நீ?"

மாமியார் கேட்கவில்லை. மிச்சத்தை எடுத்து நாய்க்கு வைத்தாள்.

"அடிப்பாவி," என்றார் ஆன்ட்டி.

புஷ்பவல்லியின் மூக்கிலிருந்துதான் முதலில் சத்தம் வந்தது. அடக்கப் பார்த்து முடியாமல் வெடித்தாள். அவ்வளவுதான். ஒரு கட்டு அவிழ்ந்த மாதிரி அறை முழுவதும் சிரித்தது. வந்த புதிதில் ஆபீஸ்காரன் வீட்டில் இதேபோல் கேக்கை விட்டவர்கள், பக்கத்து வீட்டு வெள்ளைக்காரியிடம் வேண்டாம் என்று சொல்லிவிட்டு ராத்திரி வந்து தோசை வார்த்தவர்கள், யாரிடமும் சொல்லாமல் வைத்திருந்த தங்கள் தங்கள் பசியை நினைத்துச் சிரித்தார்கள். நஞ்சுண்டன் சுவரில் சாய்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டான். மாமியார் இப்போது பிஸ்கட் டப்பாவைத் திறந்து ஆளுக்கு ஒன்று கொடுத்தாள். நோரா வேண்டாம் என்று சொல்ல வாயைத் திறந்தாள். "சொல்லாதடி!" என்று நாலைந்து பெண்கள் ஒரே சமயத்தில் கத்தினார்கள். நோரா சொன்னாள். டப்பா மூடியது. ராஜலக்ஷ்மி ஆன்ட்டி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தார்.

மாடிப்படியில் கயல் தடதடவென்று இறங்கி வந்தாள். "வாட் ஹேப்பன்ட்? அம்மா, வாட்ஸ் ஸோ ஃபன்னி?"

சாந்தாமணி பதில் சொல்லவில்லை. அவள் ஸ்டூலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். ஆரென்ட் ஒரு கோடு போட்டிருந்தார். நீளமான கோடு, தாளின் விளிம்புவரை போயிருந்தது. அதற்கப்புறம் பென்சில் நகரவில்லை. அது விரலிலிருந்து நழுவிக் கம்பளத்தில் உருண்டது. அவர் எடுக்கவில்லை.

"யாருடி அந்தப் பொண்ணு?" என்றார் ஆன்ட்டி, மூச்சு வாங்கிக்கொண்டு. "கூப்பிட்டு உக்கார வச்சு ஒரு வாய் சாதம் போடணும்போல இருக்கு."

சாந்தாமணி கிழவரைப் பார்த்து, ஆன்ட்டி சொன்னதை ஆங்கிலத்தில் மெதுவாகச் சொன்னாள். அவர் கேட்டாரா என்று தெரியவில்லை. இரண்டு கையாலும் ஸ்டூலின் ஓரங்களைப் பிடித்துக்கொண்டு, கொஞ்சம் கொஞ்சமாக அதைத் திருப்பினார். கம்பளத்தில் அதன் கால்கள் இழுபட்டன. சிரிக்கும் பதினேழு முகங்களுக்கும் முதுகைக் காட்டிக்கொண்டு, மூக்கு திரையில் இடிக்கும் அளவு நெருக்கத்தில், அதைப் பார்த்து உட்கார்ந்தார்.

படத்தில் மேஜையிலிருந்து பாத்திரங்களை எடுத்துக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொன்றாகத் திரையின் கீழ்மூலை வழியே வெளியே போயின, கிழவரின் வெள்ளைத் தலை தெரியும் அந்த மூலை வழியாக. நோரா தலையை அசைக்கவில்லை. கண்கள் மட்டும் மெல்லத் தாழ்ந்து, போகிற பாத்திரத்தின் பின்னாலேயே வந்து, அவர் உட்கார்ந்திருந்த இடத்தில் நின்றன.